மஹாபாரதத்துக்கு முன்பு: ராஹி மாஸூம் ரஸாவின் ஆரம்ப காலம்

பி. ஆர். சோப்ராவின் 'மஹாபாரத்' தொலைக்காட்சித் தொடர் 1988 ஒக்டோபர் 2ஆம் திகதி இந்தியத் தூரதர்ஷனில் ஆரம்பமாகி, 1990 ஜூன் 24ஆம் திகதி 94ஆவது அங்கத்தோடு நிறைவடைந்தது. அதன் வசனங்களை எழுதியவர் ராஹி மாஸூம் ரஸா. உத்தரப் பிரதேசத்தின் கிழக்குக் கோடியில், ஸெய்யித் குடும்பமொன்றில் பிறந்த முஸ்லிம். இந்தச் செய்தியை எந்தச் சபையில் சொன்னாலும், "மெய்யாத்தானா?" எண்டு கேட்க இரண்டு மூன்று பேராவது இருக்கிறார்கள். சிலருக்கு, ஒரு முஸ்லிம் எப்படி மஹாபாரதம் எழுதினார் என்ற வியப்பு. நம்மவர்கள் சிலருக்கோ, அவருக்கு இது என்னத்துக்கு என்ற முகச்சுளிப்பு.

வியப்பவரும் முகம் சுளிப்பவரும் ஒரே இடத்திலிருந்துதான் பார்க்கிறார்கள். அவர்களுக்கு ராஹியின் வாழ்க்கை 1988இல் தொடங்குகிறது. அப்போது அவருக்கு வயது 61. அவர் பம்பாய்க்குப் போகும்போதே நாற்பதை நெருங்கியிருந்தார். திரையில் அவர் செலவழித்த சொத்து முழுவதும் அந்த நாற்பது வருடங்களில் சேர்த்தது என்பது என் கருத்து. அந்த ஆரம்ப காலத்தைப் பற்றி நம் மத்தியில் அதிகம் பேசப்பட்டதில்லை. அதைக் கொஞ்சம் விரித்துப் பார்ப்பதே இந்தக் கட்டுரையின் நோக்கம்.

ஊரும் வீடும்

ராஹி பிறந்தது 1927இல், காஸிப்பூர் மாவட்டத்தின் கங்கௌலி கிராமத்துக் குடும்பத்தில். கங்கைக் கரைப் பிரதேசம். வாப்பா காஸிப்பூர் நகரத்தில் சட்டத்தரணி. குடும்பம் ஷீஆ மரபைச் சேர்ந்த ஜமீன்தார்க் குடும்பம். ஸெய்யித் மாஸூம் ரஸா என்பது பெயர். 'ராஹி' அவர் சூடிக்கொண்ட புனைபெயர். வழிப்போக்கன் என்று பொருள்.

சின்ன வயதில் அவருக்குக் காலில் நோய் கண்டது. பள்ளிப் படிப்பு சில வருடங்கள் தடைப்பட்டது. கடைசிவரை கால் சற்றுச் சாய்ந்த நடைதான். ஓடியாட முடியாமல் வீட்டோடு கிடந்த பிள்ளைக்குப் புத்தகமும் பெரியவர்களின் பேச்சும்தான் பொழுதுபோக்கு. வசனம் எழுதுகிறவனுக்குக் கைக்கு முன்னால் காது வேண்டும். அவருக்கு அந்தக் காது அந்த வருடங்களில் கிடைத்திருக்க வேண்டும் என்று நான் எண்ணுகிறேன்.

அந்த வீட்டில் என்ன பேச்சு? விருந்தாளியோடும் கோட்டுக் கச்சேரியிலும் திருத்தமான உருது. அடுப்படியிலும் முற்றத்திலும் வயலிலும் போஜ்பூரி கலந்த ஊர்ப்பேச்சு. மேடையில் ஒரு தமிழும் மூத்தம்மாவோடு இன்னொரு தமிழும் பேசி வளர்ந்த நமக்கு இது புதினமில்லை.

மூன்றாவதாக ஒரு மொழியும் அங்கே இருந்தது. முஹர்ரம் மாதத்து மஜ்லிஸ்களின் மொழி. கர்பலா நிகழ்ச்சியைப் பாடும் உருது மர்ஸியாக்களை நாம் அவ்வளவாக அறியமாட்டோம். பத்தொன்பதாம் நூற்றாண்டில் லக்னோவில் வாழ்ந்த மீர் அனீஸ் அதில் பேரெடுத்தவர். அவருடைய மர்ஸியாக்களில் கர்பலாவின் பாத்திரங்கள் லக்னோவின் கண்ணியமான குடும்பத்தார் பேசுவதைப் போலப் பேசுவார்கள். தங்கை நானாவிடம் விடைகேட்பதும், உம்மா மகனைப் போருக்கு அனுப்புவதும் கேட்கிறவனுடைய சொந்த வீட்டுப் பேச்சாக இருக்கும். அறபுப் பாலைவனத்துப் பழைய யுத்தம் கங்கைச் சமவெளியில் அழுகையை வரவழைத்தது இந்தச் சூட்சுமத்தால்தான். ஒவ்வொரு வருடமும் பத்து நாட்கள் அதைக் கேட்டு வளர்ந்தவர் ராஹி. பிற்காலத்தில் இன்னொரு பழைய யுத்தத்துக்கு அவர் வசனம் எழுதியபோது இந்தப் பயிற்சி கைகொடுத்திருக்காதா?

கூலிக்கு எழுதிய நாவல்கள்

ராஹி தம் இலக்கிய வாழ்க்கையை உருதுக் கவிஞராகவே தொடங்கினார். முற்போக்கு இயக்கத்தோடும் பொதுவுடைமைக் கட்சியோடும் அவருக்கு நெருக்கம் இருந்தது. 1857ஆம் ஆண்டு எழுச்சியின் நூற்றாண்டு நினைவாக 1957இல் அந்த எழுச்சியையே பொருளாகக் கொண்டு ஒரு நெடுங்காவியம் வெளியிட்டார். முப்பது வயதில் அது லேசுப்பட்ட காரியமல்ல.

ஆனால் கவிதை வயிற்றைக் கழுவாது. 1950களில் இலாஹாபாத் நகரம் உருது ஜனரஞ்சக நாவல்களின் பெரிய சந்தை. அப்பாஸ் ஹுஸைனியின் பதிப்பகம் மாதாமாதம் நாவல் வெளியிட்டு வந்தது. இப்னே ஸஃபியின் புகழ்பெற்ற 'ஜாஸூஸி துன்யா' துப்பறியும் வரிசை 1952இல் அங்கிருந்துதான் ஆரம்பமானது. அந்த வட்டத்தில் ராஹியும் இருந்தார். ஷாஹித் அக்தர் போன்ற புனைபெயர்களில் மாத நாவல்கள் எழுதிக் கொடுத்தார்.

இதை ராஹியின் வாழ்க்கையில் ஒரு கறை போலச் சிலர் ஒதுக்கிவிடுகிறார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. குறித்த திகதிக்குள் பிரதி கொடுக்க வேண்டும். கொடுத்த பக்கங்களுக்குள் கதையை முடிக்க வேண்டும். முதல் பக்கத்திலேயே வாசகனைப் பிடிக்க வேண்டும். பாத்திரங்கள் பேசிக்கொண்டே கதையை நகர்த்த வேண்டும். இவை நான்கும் ஒரு வசனகர்த்தாவின் தொழில் விதிகள். பம்பாயில் அவர் ஒரே காலத்தில் பல படங்களுக்கு எழுதினார் என்றும், வீடு நிறைய ஆட்களும் சத்தமுமாக இருக்கத் தரையில் மெத்தை விரித்துச் சாய்ந்தபடி ஒரு கோப்பை மூடி இன்னொன்றை எடுப்பார் என்றும் அவரை அறிந்தவர்கள் சொல்வார்கள். அந்தக் கை பழகியது எங்கே என்று கேட்டால், இலாஹாபாத்தைத்தான் நான் காட்டுவேன்.

அலிகாரும் கிஸ்ஸாக்களும்

அலிகார் முஸ்லிம் பல்கலைக்கழகத்தில் உருது கற்று, 1960களின் முற்பகுதியில் கலாநிதிப் பட்டத்துக்கான ஆய்வைச் செய்தார் ராஹி. அவர் எடுத்துக்கொண்ட நூல் 'திலிஸ்மே ஹோஷ்ருபா'. அமீர் ஹம்ஸாவின் பேரில் வழங்கிய மாபெரும் கதைத் தொடரின் ஒரு பகுதி அது. முஹம்மத் ஹுஸைன் ஜாஹ், அஹ்மத் ஹுஸைன் கமர் என்ற இரு கதைசொல்லிகள் எழுத, லக்னோவின் நவல் கிஷோர் அச்சகம் 1883 முதல் ஏழு பாகங்களாக வெளியிட்டது. மாயக் கோட்டைகள், வேடம் மாறும் ஐயார்கள், முடிவே இல்லாத போர்கள். நம் பாட்டன்மார் காலத்தில் கிஸ்ஸா, படைப்போர், மசலா என்று வாசித்துக் கேட்ட மரபின் தூரத்து உறவுக்காரர் என்று சொல்லலாம்.

அந்தக் கதைகளில் ராஹி தேடியது இந்திய நாகரிகத்தின் அடையாளங்களை. பெயரளவில் அறபு, பாரசீக வீரர்களின் கதை. உள்ளே வருகிற உணவும் உடுப்பும் கலியாணச் சடங்கும் கேலிப்பேச்சும் வட இந்தியாவுடையவை. அந்நியப் பெயருக்குள் சொந்த ஊரைக் கண்டுபிடிக்கும் இந்த ஆய்வு அவருக்கு இரண்டு பாடங்களைக் கொடுத்தது. ஒன்று, ஒரு மண்ணில் நீண்ட காலம் வாழ்ந்த சமூகத்தின் கற்பனை அந்த மண்ணை விட்டுப் போகாது என்பது. மற்றது, நூறு கிளை பிரியும் கதையைக் கேட்பவன் தொலைந்துபோகாமல் எப்படிச் சொல்வது என்ற தொழில் நுட்பம். 94 அங்கத் தொடருக்கு இதைவிடப் பெரிய பள்ளிக்கூடம் இருக்க முடியாது.

'ஆதா காவ்ன்'

1966இல் ராஹியின் 'ஆதா காவ்ன்' வெளிவந்தது. 'பாதிக் கிராமம்' என்று தமிழில் சொல்லலாம். உருது ஆசிரியரான அவருடைய இந்த நாவல் தேவநாகரி எழுத்தில், ஹிந்தி நாவலாகவே வெளிவந்தது. உருதுவை நாகரியிலும் எழுதலாம் என்று அவர் வாதாடினார். உருது அபிமானிகள் பலருக்கு அது பிடிக்கவில்லை. நம் முன்னோர் தமிழை அறபு எழுத்தில் எழுதி அதிலே ஓர் இலக்கியத்தையே வளர்த்தவர்கள். மொழி ஒன்று, எழுத்து இன்னொன்று என்பது ஒரு சமூகத்தின் உயிர்ப் பிரச்சினையாக மாறும் விதம் நமக்கு எளிதில் விளங்கும்.

கதை நடப்பது கங்கௌலியில். ஊரின் வடக்குப் பாதியும் தெற்குப் பாதியும் முஹர்ரம் ஊர்வலத்திலும் மஜ்லிஸிலும் போட்டி போடுகின்றன. அந்தச் சிறிய உலகத்துக்குள் பிரிவினை அரசியல் வருகிறது. முஸ்லிம் லீகுக்கு வாக்குக் கேட்டு அலிகார் மாணவர்கள் வருகிறார்கள். பாகிஸ்தான் எங்கே இருக்கிறது, நம் ஊர் அதில் சேருமா எண்டு கிராமத்தவர் கேட்கும் கேள்விகளுக்கு அவர்களிடம் நேரான பதில் இல்லை. பிறகு பிரிவினை. அதன்பின் ஜமீன்தாரி ஒழிப்பு. பிள்ளைகள் போய்விடுகிறார்கள். வீடுகள் இடிந்து விழுகின்றன.

இந்த நாவலின் முன்னுரை முன்னால் இல்லை. நடுவிலே, கதை பாதி கடந்த பிறகு வருகிறது. அங்கே ராஹி தம் சொந்தக் குரலில் பேசுகிறார். தான் கங்கௌலிக்காரன், அந்த ஊரை விட்டுப் போ என்று சொல்ல எவருக்கும் உரிமையில்லை என்பது அதன் சாரம். நான் அதை ஆங்கில மொழிபெயர்ப்பில்தான் படித்தேன். 1990க்குப் பிறகு ஊரிழந்து அகதிமுகாம்களில் வாழ்ந்த நம் வடபுலத்து மக்களை நினைக்காமல் அந்தப் பக்கங்களைக் கடந்துபோக முடியவில்லை. இரண்டு வரலாறுகளும் ஒன்றல்ல. ஆனால், இது என் ஊர் என்று ஒருவன் சாட்சி சொல்ல வேண்டி வருகிற நிலை ஒன்றுதான்.

நாவலுக்கு வந்த எதிர்ப்பு வேறு வகையானது. பாத்திரங்கள் ஊர்ப்பேச்சில், தூஷண வார்த்தைகளோடு பேசுகிறார்கள் என்று குற்றஞ்சாட்டினார்கள். 1970களின் தொடக்கத்தில் ஜோத்பூர் பல்கலைக்கழகத்துப் பாடத்திட்டத்தில் அது சேர்க்கப்பட்டபோது ஆபாசம் என்று சர்ச்சை எழுந்தது. ராஹி அசையவில்லை. 1970இல் வெளியான 'ஓஸ் கீ பூந்த்' நாவலின் முன்னுரையில் இதற்குப் பதில் சொன்னார். என் பாத்திரங்கள் கீதைச் சுலோகம் சொன்னால் அதை எழுதுவேன், ஏசினால் ஏசுவதை எழுதுவேன் என்ற கருத்துப்பட இருந்தது அந்தப் பதில். 1960களின் ஆரம்பத்தில் நம் நாட்டில் 'இழிசனர் வழக்கு' என்ற பெயரில் பண்டிதர்களும் முற்போக்கு எழுத்தாளர்களும் மோதிக்கொண்ட வரலாறு தெரிந்தவர்களுக்கு இது பழகிய சண்டைதான்.

அதே 1966இல் அவர் இன்னொரு நூலும் எழுதினார். காஸிப்பூர் மாவட்டத்தின் தாமூப்பூரைச் சேர்ந்த அப்துல் ஹமீத், 1965 செப்டெம்பரில் நடந்த இந்திய பாகிஸ்தான் யுத்தத்தில் தாங்கிகளை எதிர்த்து நின்று உயிரிழந்து, பரம்வீர் சக்ரா விருது பெற்ற படைவீரர். அவருடைய வாழ்க்கையே அந்த நூல். 'சின்ன மனிதனின் பெரிய கதை' என்ற பொருளில் பெயரிட்டிருந்தார்.

பம்பாய்

அலிகாரில் ராஹிக்கு நிலையான இடம் அமையவில்லை. 1960களின் பிற்பகுதியில் குடும்பத்தோடு பம்பாய்க்குப் போனார். சினிமாவில் அவருக்கு உடனே கதவு திறக்கவில்லை. ஆரம்ப வருடங்களில் சஞ்சிகை எழுத்து ஓரளவு தாங்கியது. 'தர்ம்யுக்', 'ஸாரிகா' போன்ற பெரிய ஹிந்தி சஞ்சிகைகள் அந்த நகரத்திலிருந்துதான் வந்துகொண்டிருந்தன.

சினிமாவுக்குப் போய்க் கெட்டுப்போனார் என்று ஒரு பேச்சு உண்டு. திகதிகளை வைத்துப் பார்ப்போம். 'டோபி ஷுக்லா' 1969. 'ஹிம்மத் ஜௌன்பூரி' அதே 1969. 'ஓஸ் கீ பூந்த்' 1970. 'தில் ஏக் ஸாதா காகஸ்' 1973. 'ஸீன் 75' 1977. 'கட்ரா பீ ஆர்ஸூ' 1978. பம்பாய்க்குப் போன பத்துப் பன்னிரண்டு வருடங்களுக்குள் ஆறு நாவல்கள். கெட்டுப்போனவன் எழுதுகிற கணக்கா இது?

அவற்றுள் இரண்டு, சினிமாத் தொழிலையே உள்ளிருந்து பார்ப்பவை. 'தில் ஏக் ஸாதா காகஸ்' கதாநாயகன் ரஃப்பன் சிற்றூரிலிருந்து பம்பாய்க்கு வந்து சினிமாவுக்கு எழுதுகிறவனாகிறான். 'ஸீன் 75' இன் அலி அம்ஜத் ஒரு படத்தின் 75ஆவது காட்சியை எழுத உட்கார்ந்து, எழுத முடியாமல் திண்டாடுகிறான். தன்னைச் சோறுபோட்டு வளர்க்கும் தொழிலை இவ்வளவு கசப்பும் சிரிப்புமாக எழுத ஒரு துணிவு வேண்டும்.

திரையிலும் அவர் கை மெல்ல மெல்லத்தான் தெரிந்தது. ஹ்ருஷிகேஷ் முகர்ஜியின் 'மிலி' 1975இல் வந்தது. ராஜ் கோஸ்லாவின் 'மைன் துளசி தேரே ஆங்கன் கீ' 1978இல் வந்து, சிறந்த வசனத்துக்கான ஃபிலிம்ஃபெயார் விருதை ராஹிக்குப் பெற்றுக்கொடுத்தது. அடுத்த வருடம் 'கோல் மால்'. இந்தப் படம் நம்மவர்களுக்கு வேறு பெயரில் நன்றாகத் தெரியும். கே. பாலசந்தர் 1981இல் ரஜினிகாந்தை வைத்து எடுத்த 'தில்லு முல்லு' அதன் தமிழ் வடிவம்தான். மீசை வைத்தவன் நல்லவன் என்று நம்பும் முதலாளிக்கு முன்னால் ஒருவன் இரண்டு ஆளாக நடிக்கிற கதை. மீசைக்காரனுக்கு ஒரு பேச்சு, மீசையில்லாதவனுக்கு இன்னொரு பேச்சு. ஒரே வாய் இரண்டு மொழி பேசுவதில்தான் சிரிப்பே இருக்கிறது. ஹிந்தியில் அந்த இரண்டு பேச்சையும் எழுதியவர், விருந்தாளிக்கு ஒன்றும் அடுப்படிக்கு ஒன்றுமாக இரண்டு மொழி கேட்டு வளர்ந்த கங்கௌலிக்காரர்.

இனி மஹாபாரதத்துக்கு வரலாம். ஒரு முஸ்லிமா இதை எழுதுவது என்று எதிர்ப்புக் கடிதங்கள் வந்தன. நான் கங்கையின் மகன், இந்த நாட்டின் நாகரிகத்தை என்னைவிட யார் அறிவார் என்ற தொனியில் ராஹி பதில் சொன்னதாக எல்லோரும் குறிப்பிடுவார்கள். மேலே சொன்ன நாற்பது வருடங்களைத் தெரிந்தவர்களுக்கு அது வெறும் வீறாப்பாகத் தெரியாது. அந்தத் தொடரில் பிள்ளைகள் தகப்பனை 'பிதாஶ்ரீ' என்றும் தாயை 'மாதாஶ்ரீ' என்றும் அழைப்பார்கள். உருதுக் குடும்பங்களின் 'அப்பா ஜான்', 'அம்மீ ஜான்' என்ற அழைப்பை வைத்தே ராஹி இதை உருவாக்கினார் என்று சொல்லப்படுகிறது. மர்ஸியா கேட்டு வளர்ந்தவர், பழைய யுத்தத்தை வீட்டு உறவுகளின் பேச்சாக மாற்றினார். கதை சொல்லக் காலத்தையே ஒரு பாத்திரமாக்கி 'ஸமய்' என்று நிறுத்திய உத்தியும் அப்படித்தான். 'திலிஸ்மே ஹோஷ்ருபா' வைக் கரைத்துக் குடித்தவருக்கு, நீண்ட கதைக்கு நம்பகமான கதைசொல்லி ஒருவர் தேவை என்பது தெரிந்திருந்தது.

ஒன்றை மறைக்கக் கூடாது. அந்த விருதுக்குப் பிறகு படங்கள் குவிந்தன, நாவல்கள் குறைந்தன. 1978க்குப் பின் குறிப்பிடும்படி வந்த நாவல் 1986இன் 'அஸந்தோஷ் கே தின்' தான். சினிமா அவரைக் கெடுக்கவில்லை. ஆனால் அவருடைய நேரத்தை எடுத்தது. 1992 மார்ச் 15ஆம் திகதி பம்பாயில் வபாத்தாகும்போது அவருக்கு 65 வயதுகூட நிறையவில்லை. எழுதப்படாத நாவல்களின் கணக்கு யாரிடமும் இல்லை.

நமக்கு என்ன?

ராஹியின் ஆரம்ப காலத்தை இவ்வளவு தெளிவாக நாம் பேச முடிவதற்குக் காரணம், அந்தக் காலத்து எழுத்து அச்சில் இருப்பதுதான். நம் நிலைமை என்ன? இலங்கை வானொலியின் முஸ்லிம் சேவையில் எத்தனை நாடகங்கள் போயிருக்கும்! தென்கிழக்கின் பேச்சு, மலையகத்துக் கடைத்தெருப் பேச்சு, தென்மாகாணத்துப் பேச்சு எல்லாம் அந்த நாடகங்களில் ஒலித்தன. ரூபவாஹினி 1982இல் வந்தபின் தொலைக்காட்சிக்கும் நம்மவர்கள் எழுதினார்கள். ஆனால் நம் இலக்கிய வரலாறுகளை எடுத்துப் பாருங்கள். கவிதை நூல் போட்டவருக்கு ஒரு பந்தி இருக்கும். சிறுகதைத் தொகுதி போட்டவருக்கு இரண்டு வரி இருக்கும். நாற்பது வானொலி நாடகம் எழுதியவருக்கு, "வானொலியிலும் பங்களிப்புச் செய்தார்" எண்டு அரை வரி. அவருக்கு அதுதான் ஆரம்ப காலம், அதுதான் முழு உழைப்பும் என்பதை யாரும் கணக்கில் எடுப்பதில்லை.

ஒலிப்பதிவுகளில் எவ்வளவு மிஞ்சும் என்று நம்பியிருக்க முடியாது. கையெழுத்துப் பிரதிகள் இன்னும் சில வீடுகளில் இருக்கின்றன. எழுதியவர் மௌத்தானதும் பிள்ளைகள் அலுமாரியை ஒதுக்குவார்கள். அந்த ஒரு நாளில் எல்லாம் போய்விடும். ராஹியின் மாத நாவல்களை இழிவு என்று ஒதுக்கியிருந்தால், அவர் மஹாபாரதம் எழுதிய விதத்தை விளக்க ஆய்வாளருக்கு ஒரு பெரிய கண்ணி இல்லாமல் போயிருக்கும். நம்மவர்கள் விஷயத்தில் அந்தக் கண்ணியை நாமே அறுத்துக்கொண்டிருக்கிறோம்.

ஆகவே வாசகர்களிடம் ஒரு வேண்டுகோள். உங்கள் வாப்பாவோ மாமாவோ சாச்சாவோ வானொலிக்கும் தொலைக்காட்சிக்கும் எழுதியவராக இருந்தால், அந்தக் கடதாசிக் கட்டைத் தயவுசெய்து பழைய பேப்பர்காரனுக்குப் போட்டுவிடாதீர்கள். எந்த வருடம், எந்த நிகழ்ச்சி, யார் யார் நடித்தார்கள் என்று தெரிந்ததை மேலே ஒரு தாளில் எழுதி வையுங்கள். முடிந்தால் ஒரு பிரதி எடுத்துப் பக்கத்துப் பல்கலைக்கழக நூலகத்தில் கொடுங்கள். அடுத்த தலைமுறையில் யாராவது ஒரு பிள்ளை நம் எழுத்தாளர் ஒருவரின் ஆரம்ப காலத்தைத் தேடி வரும்போது, அதற்குக் கையில் எடுக்க ஏதாவது இருக்கட்டும்.